தம்பி வைத்த சுருதி

பால்காரனை யாரும் நம்புவதில்லை. நானும் யாரையும் நம்புவதில்லை. அதனால் யாருக்கும் யார்மேலும் வருத்தமில்லாமல் அம்ரோஹாவில் என் காலம் ஓடிவிட்டது. எங்கள் மொஹல்லாவில் பாதிப்பேர் மாமரக் கட்டையைக் கடைந்து டோலக் செய்கிறவர்கள். மீதிப்பேர் பாட்டு, வாத்தியம் என்று இருக்கிறவர்கள். கடைகிறவன் பாடுகிறவனைச் சோம்பேறி என்பான். பாடுகிறவன் கடைகிறவனைச் செவிடன் என்பான். இரண்டு பேரும் சேர்ந்து என் பாலைத் தண்ணீர் என்பார்கள்.

என் சுற்றில் கடைசி வீடு ஹஷ்மத் கானுடையது. விடியும் நேரத்துக்கு அங்கே போய்ச் சேருவேன். கான் சாகிப் சம்சாரம் நஸீபன், நான் அண்ணி முறையில் பாபி என்று கூப்பிடுகிறவள், சொம்பை நீட்டுவாள். ஊற்றிவிட்டு, காலியான பித்தளைத் தூக்கைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்து ஒரு பீடி பிடிப்பேன். உள்ளே கான் சாகிப் பாட்டுச் சாதகம் பண்ணிக்கொண்டிருப்பார். பாட்டைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. மனிதர் ரொம்ப நேரம் கீழ்ச் சுரத்திலேயே கிடப்பார். எருமை சேற்றில் கிடக்கிற மாதிரி, எழுந்திருக்க மனசே இல்லாமல். பிறகு மெதுவாக ஏறுவார். ஏறி ஏறி, மேல் ஸா என்று அவர்கள் சொல்கிற இடத்தில் போய் நிற்பார். அவர் அங்கே நின்றதும் என் பக்கத்தில் இருக்கிற காலித் தூக்கின் மூடி 'ஙொய்...' என்று தானாக அதிரும். தொட்டால் விரல் கூசும்.

முதலில் அது நடந்தபோது பேய் என்று நினைத்து எழுந்தேவிட்டேன். உள்ளேயிருந்து கான் சாகிப் சிரித்தார்.

"ஏ ஹர்பூலு, பயப்படாத. உன் தூக்கு 'ஆமா'ங்குது. அவ்வளவுதான். எங்க சபையில தலையாட்டுற பெரிய மனுஷங்களை விட உன் தூக்குக்கு விஷயம் தெரியும்."

அன்றிலிருந்து தினமும் இது நடந்தது. தூக்கு 'ஆமா' சொன்னதும் நான் பீடியை அணைத்துவிட்டுக் கிளம்புவேன். என் கடிகாரம் அதுதான்.

அந்தக் குளிர்காலத் தொடக்கத்தில் கான் சாகிப் நெஞ்சுச் சளியும் காய்ச்சலுமாகப் படுத்தார். பிழைப்பாரா என்று இருந்தது. பிழைத்தார். எழுந்து உட்கார்ந்து, சால்வையைச் சுற்றிக்கொண்டு மறுபடி பாட ஆரம்பித்தார். பழையபடிதான் கிடந்தார், பழையபடிதான் ஏறினார். ஆனால் என் மூடி வாயைத் திறக்கவில்லை.

சாயாக் கடையில் எவனோ என் மூடியை மாற்றிவிட்டான் என்றுதான் நினைத்தேன். கடைக்காரனோடு சண்டை போட்டேன். பாத்திரம் தட்டுகிறவனிடம் கொண்டுபோனேன். அவன் தட்டிப் பார்த்து, "மூடி உன்னோடதுதான்யா, நசுங்கல்கூடப் பழசுதான். சந்தேகத்துக்கும் ஒரு அளவு வேணும்," என்றான். அவனையும் நான் நம்பவில்லை.

ஒருநாள் பொறுக்கமாட்டாமல் வாசலிலிருந்தே கத்தினேன். "கான் சாகிப், என் தூக்கு ஏன் இப்பல்லாம்..."

சொல்லி முடிப்பதற்குள் நஸீபன் உள்ளேயிருந்து பெரிதாக இருமினாள். "ஹர்பூலு, பின்பக்கம் வா. எருமைக்கு வெக்கக் கழனி இருக்கு, எடுத்துட்டுப் போ."

அந்த வீட்டில் எனக்குக் கழனி கொடுத்த வழக்கமே கிடையாது. போனேன். பின்கட்டில் உளுந்துக் கிச்சடி கொதித்துக்கொண்டிருந்தது. எள்ளுத் துவையலுக்கு எள்ளை வறுத்து அம்மியில் போட்டிருந்தாள். எனக்கும் ஒரு தட்டில் கிச்சடி போட்டு நெய்யை ஊற்றினாள். இந்தப் பெண்மணி கேட்காமல் நெய் ஊற்றினால் ஏதோ காரியம் இருக்கிறது என்று புரிந்துகொண்டேன்.

"பாபி, என்ன விஷயம்? என் மூடியை யாரு மாத்தினது?"

"மெதுவாப் பேசு."

"மெதுவாப் பேச எனக்கு வராது."

"அப்ப பேசாத. சாப்பிட்டுக்கிட்டே கேளு. உன் மூடியில ஒண்ணும் இல்ல. அவருதான் முன்ன பாடின எடத்துல பாடல. கீழ எறங்கிட்டாரு."

"எறங்கிட்டாருன்னா?"

"காய்ச்சல் விட்டு உக்காந்த முதல் நாளு மேல ஏறினாரு. போற வழியிலயே குரல் பிசிறிடுச்சு. இருமுற மாதிரி சமாளிச்சாரு. நான் இங்க மாவு பிசைஞ்சுக்கிட்டு இருந்தேன். கை அப்படியே நின்னுபோச்சு. எத்தனை வருஷமா அந்த இருமலைக் கேக்குறேன், எது இருமல் எது பாவலான்னு எனக்குத் தெரியாதா? அன்னைக்கே பப்பன் கிட்ட சொன்னேன், நாளைக்குத் தம்பூராவை ஒரு எள்ளளவு எறக்கி வையின்னு. மறுநாள் இன்னொரு எள்ளு. அப்படியே குளிர் முழுக்க எறக்கிக்கிட்டே வந்துட்டோம்."

பப்பன் மியான் கான் சாகிப்பின் தம்பி. அண்ணன் பாடுவார், தம்பி பின்னால் உட்கார்ந்து சாரங்கி வாசிப்பார். தாடி முழுக்க வெளுத்த பிறகும் தெருவில் அவரைப் பப்பன் என்றுதான் கூப்பிட்டார்கள். கல்கத்தா, பம்பாய் சுவரொட்டிகளில் அண்ணன் பெயர் பெரிதாக இருக்கும். தம்பி பெயருக்குச் சுவரொட்டியில் எப்போதும் இடம் போதாது.

"கான் சாகிப்புக்குத் தெரியாமலா?" என்று கேட்டேன். "அவரு காது என்ன களிமண்ணா?"

"எதோட வெச்சுப் பாப்பாரு சொல்லு. மத்த வீட்ல ஆர்மோனியப் பெட்டி இருக்கும். ஒரு கட்டையை அமுக்கினா உண்மை தெரிஞ்சிடும். எங்க மாமனாரு..." என்று சொல்லும்போதே காதைத் தொட்டுக்கொண்டாள். பெரியவர்கள் பேரை எடுத்தால் அவர்களுக்கு அது ஒரு வழக்கம். "அவரு பெட்டியை வாசப்படி ஏத்தவிடல. அப்புறம் இன்னொண்ணு, எங்க வீட்ல தம்பூராவைத் தம்பிதான் சுருதி சேத்துக் குடுக்கணும். கம்பியை முறுக்குற பிருடையை அண்ணன் தொட மாட்டாரு. தொட்டா தம்பி சேத்ததை நம்பலன்னு அர்த்தம். அது பெரிய அவமானம்."

இந்த இடம் மட்டும் எனக்குப் புரியவே இல்லை. என் தம்பி என் எருமையைக் கறந்தால் நான் பின்னாலேயே நின்று பார்ப்பேன்.

"சரி, தெரிஞ்சாத்தான் என்ன பாபி? வயசாச்சு, தொண்டை எறங்கிடுச்சு. எருமைக்கும்தான் மடி வத்துது. சொல்லிட்டுப் போங்களேன்."

அவள் அம்மிக் குழவியை நிறுத்தினாள். "மாமனாருக்கு நாலு பேரு நடுவுல குரல் உடைஞ்சது. வீட்டுக்கு வந்து தம்பூராவைச் சுவத்தைப் பாக்கத் திருப்பி வெச்சாரு. அதுக்கப்புறம் ஒரு சொரம் பாடல, வாய் விட்டுச் சிரிக்கல. அந்த மழைக்காலத்தைத் தாண்டல அவரு. அன்னைக்கே இவரு சத்தியம் பண்ணினாரு, 'என் குரல் சபையில உடைஞ்சா நானும் அன்னைக்கோட நிறுத்திடுவேன்'னு. இவரு நிறுத்தினா என்ன ஆவாருன்னு எனக்குத் தெரியும். நீ உன் தூக்கு வாயை மூடிக்கிட்டு இரு, போதும்."

கிச்சடி நன்றாக இருந்தது. வாயை மூடிக்கொண்டேன்.

அதன்பிறகு பப்பன் மியானின் வேலையைக் கவனிக்க ஆரம்பித்தேன். மத்தியானம் வெயில் வந்ததும் கூரைமேல் கயிற்றுக் கட்டிலைப் போட்டுக்கொண்டு சாரங்கியோடு உட்காருவார். குளிருக்குப் படுக்கையடியில் பரப்ப வைக்கோல் கட்டைக் கொடுக்கப் போகிற சாக்கில் நானும் போய்ப் பக்கத்தில் குந்துவேன். சாரங்கி என்றால் மேலே ஆட்டுக்குடல் நரம்பு மூன்று. அடியில் எறும்புச் சாரை மாதிரி முப்பத்தைந்து கம்பிகள். அந்தக் கம்பிகளை யாரும் மீட்டுவதில்லை. மேலே வாசிக்கிறதைக் கேட்டு அவை தாமாக முனகும், என் தூக்கு மாதிரி. தம்பூராவை ஒரு எள் இறக்கினால் இவை அத்தனையையும் ஒவ்வொன்றாக ஒரு எள் இறக்க வேண்டும். இறக்கி முடிப்பதற்குள் பனி விழுந்து தோல் நமுத்து, எல்லாம் கலைந்துபோகும். மறுநாள் திரும்ப முதலிலிருந்து. அந்த மனிதர் முகம் சுளித்து நான் பார்த்ததில்லை. பல்லிடுக்கில் ஒரு ஏலக்காயை வைத்துக்கொண்டு, காதைக் கம்பியோடு ஒட்டிவைத்து, குழந்தையைத் தூங்கவைக்கிறவர் மாதிரி உட்கார்ந்திருப்பார்.

"பப்பன் மியான், உங்க அண்ணனுக்கு இந்தப் பாடு தெரியுமா?"

"தெரிஞ்சா அது என்ன பாடு?"

"உங்க பேரையாவது கொஞ்சம் பெருசாப் போடச் சொல்லியிருக்கலாம்."

அவர் சிரித்தார். "ஹர்பூலு, சாரங்கிக்காரன் வேலை என்னன்னு நெனச்ச? பாடுறவர் போற எடத்துக்குப் பின்னாலயே போகணும். அவரு கால் தடுக்கினா நாம விழணும்."

"ஏன் விழணும்?"

"அவரு ஒரு சொரத்துல வழுக்கினாருன்னு வை. அதே நொடியில நானும் வில்லைத் தப்பா இழுத்துடுவேன். கேக்குறவங்க என்னைத் திரும்பிப் பாத்து 'ச்சு' கொட்டுவாங்க. பாட்டுக்காரரு தப்பிச்சிருவாரு. இதை யாரும் சொல்லித் தர்றதில்ல. ஆனா இது தெரியாதவனைப் பின்னால உக்கார வெக்க மாட்டாங்க."

"நல்ல பொழப்பு," என்றேன். "தப்பு அவங்களது, திட்டு உங்களுக்கு."

"வீட்ல உனக்கு அப்படி இல்லையாக்கும்?" என்றார். என் சம்சாரத்தை அவருக்குத் தெரியும்.

அவர் விரலைக் கவனித்தேன். நரம்பை விரல் நுனியால் அழுத்துவதில்லை. நகமும் சதையும் சேருகிற இடத்தால் பக்கவாட்டில் ஒட்டித் தள்ள வேண்டும். அந்த இடம் வருஷக் கணக்கில் தேய்ந்து பள்ளமாகியிருந்தது. குளிருக்கு இரண்டு விரல்களில் அந்தப் பள்ளம் வெடித்து, சிவப்பாகக் கோடு ஓடியிருந்தது. பார்க்கிறேன் என்று தெரிந்ததும் கையைச் சால்வைக்குள் இழுத்துக்கொண்டார்.

குளிர் உடைந்து மாமரங்கள் பூத்தன. ஊரைச் சுற்றிலும் தோப்புகள். காற்றில் அந்தப் பூந்தூள் பறக்கிற நாட்களில் பாட்டுக்காரர்கள் மூக்கில் துணி கட்டிக்கொண்டு நடப்பார்கள். அந்த நாட்களில்தான் தோப்புக்கு நடுவிலிருக்கிற கிணற்றடிப் பீர் என்கிற மகானின் உருஸ் திருவிழா. காலையில் அவருடைய சமாதியான மஜார் மேல் பூச்சாதரைப் போர்த்தியதும் முதல் பாட்டு ஹஷ்மத் கான் வீட்டாருடையது. அவருடைய பாட்டன் காலத்திலிருந்து அப்படி. அவர் பாடாமல் வேறு யாரும் வாய் திறக்கக்கூடாது.

உருஸுக்கு முந்தின நாள் நஸீபன் என்னைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டாள். இந்தத் தடவை நெய்கூட இல்லை. முகம் வெளுத்திருந்தது.

"தர்கா கமிட்டிக்காரங்க இந்த வருஷம் ஒரு பையனைக் கூட உக்கார வெக்கிறாங்களாம். ஜுனைதுன்னு பேரு. டெல்லியில கத்துக்கிட்டவனாம். ஆர்மோனியம்."

"வேண்டாம்னு சொல்லிட வேண்டியதுதானே?"

"பீர் வாசல்ல யாரையும் எந்திரிச்சுப் போன்னு சொல்லக்கூடாதே ஹர்பூலு. சொன்னா பீரையே சொன்ன மாதிரி. அவன் கட்டையை அமுக்குவான். சுருதி எறங்கினது ஊருக்கே தெரியும். ஏத்திவைன்னுவாங்க. ஏத்தினா அவரு... நீ ஏதாவது பண்ணு. உனக்குத்தான் யாரு மேலயும் மரியாதை கெடையாதே."

இதைப் பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் என் எருமை வண்டியில்தான் அவர்களை ஏற்றிக்கொண்டு போனேன். கான் சாகிப் வெள்ளை ஷேர்வானியும் தொப்பியுமாக, நஸீபன் புர்காவில், பப்பன் மியான் சாரங்கியை மடியில் போட்டுக்கொண்டு. தம்பூரா இரண்டு மெத்தைகளுக்கு நடுவில் மாப்பிள்ளை மாதிரி படுத்திருந்தது. தர்காவில் கூட்டம் சேர்ந்துவிட்டது. ஒரு பக்கம் பெரிய அண்டாவில் கறியும் கோதுமையும் சேர்ந்த கிச்சடா வெந்துகொண்டிருந்தது. நஸீபன் மூங்கில் திரைக்கு அந்தப்பக்கம் பெண்களோடு போய் உட்கார்ந்தாள்.

ஜுனைது ஏற்கெனவே வந்து பெட்டியைத் திறந்து வைத்திருந்தான். மீசை சரியாக முளைக்காத முகம், நல்ல துணிமணி. கான் சாகிப்பின் காலைத் தொட்டான். கெட்ட பையன் என்றால் என் வேலை சுலபமாக இருந்திருக்கும்.

பெரிய டம்ளர் நிறைய லஸ்ஸியோடு அவனிடம் போனேன். "தம்பி, அந்த மரத்தடியில வந்து இதைக் குடிச்சுட்டு வா."

"பாட்டு முடியட்டும் சாச்சா."

"புளிச்சுப் போயிரும்."

"பரவால்ல சாச்சா."

"என் எருமை கோவிச்சுக்கும்பா. உனக்குன்னு கறந்தது."

"எருமைக்கு என் சலாம் சொல்லிடுங்க."

பக்கத்திலிருந்தவர்கள் சிரித்தார்கள். டம்ளர் அவன் பெட்டிக்கு நேர் மேலே என் கையில் இருந்தது. கொஞ்சம் சாய்த்தால் போதும், பெட்டியின் வாய் அடைத்துவிடும். பப்பன் மியான் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். வேண்டாம் என்று லேசாகத் தலையை அசைத்தார். அந்தத் தொழிலில் வாத்தியத்துக்குத் தீங்கு செய்கிறவனை நாய்கூட முகராது. லஸ்ஸியை நானே குடித்தேன்.

சாதர் போர்த்தியானது. பாத்திஹா ஓதினார்கள். பப்பன் மியான் தம்பூராவை ஒருமுறை மீட்டிப் பார்த்து அண்ணனிடம் நீட்டினார். ஜுனைது முதல் கறுப்புக் கட்டையை அமுக்கினான்.

இரண்டும் சேரவில்லை. எனக்கே கேட்டது. செருப்பில் கல் மாட்டின மாதிரி இருந்தது.

அந்தப் பையன் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. "பப்பன் சாச்சா, தம்பூரா எறங்கிக் கெடக்குதே. உஸ்தாத் எப்பவும் முதல் கறுப்புக் கட்டைதானே பாடுவாரு? ஏத்திடுங்க."

திரைக்கு அந்தப்பக்கம் வளையல் சத்தங்கூட இல்லை.

பப்பன் மியான் எழுந்து நின்றார். வாசிக்க உட்கார்ந்த சாரங்கிக்காரர் எழுந்து நின்று நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

"தப்பு என்னோடது," என்றார். "என் விரல் வெடிச்சுப் போச்சு. நரம்பை இறுக்கிக் கட்டினா என்னால வாசிக்க முடியல. பாய்சாப் கிட்ட, என் அண்ணன் கிட்ட, சொல்லாம நான்தான் எறக்கினேன். பெரியவங்க மன்னிக்கணும்."

சொல்லிவிட்டு இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார். நல்ல பொய், கூடவே சாட்சியும் இருந்தது. இதோடு முடிந்தது என்று மூச்சு விட்டேன். ஆனால் கமிட்டித் தலைவர், பெரிய தோப்புக்காரர், இளகிய மனசுக்காரர், எழுந்தார்.

"அடடா, பப்பன் மியான், கையைப் பாத்தாலே கஷ்டமா இருக்கு. இன்னைக்கு நீங்க ஓய்வெடுங்க. அதான் பெட்டி இருக்கே! தம்பூராவை ஏத்திடலாம், ஜுனைது கூட வாசிக்கட்டும். ஹஷ்மத் கானை அவரோட சுருதியில கேக்கத்தானே இவ்வளவு பேரும் வந்திருக்கோம்?"

"ஆமா, ஆமா," என்றது கூட்டம்.

பப்பன் மியான் அண்ணனுக்காக விழுந்தார், விழுந்த இடத்தில் அண்ணனையே தள்ளிவிட்ட மாதிரி ஆகிவிட்டது. ஜுனைது தம்பூராப் பிருடைக்குக் கையை நீட்டினான்.

கான் சாகிப் தன் உள்ளங்கையைப் பிருடைமேல் வைத்து மூடினார். திருப்பவில்லை, வெறுமனே மூடினார்.

"கையை எடு பேட்டா," என்றார் மெதுவாக. பிறகு கூட்டத்தைப் பார்த்தார். "இந்த வாசல்ல என் பாட்டன் பாடினாரு, அவரு தம்பி சாரங்கி வாசிச்சாரு. என் அப்பா பாடினாரு, சித்தப்பா வாசிச்சாரு. சாரங்கி இல்லாம நாங்க பீருக்கு ஒரு அட்சரம் பாடினதில்ல. என் தம்பி விரல் எங்க நிக்குதோ, அங்கதான் இன்னைக்கு என் ஸா. பப்பன், உக்காரு."

பப்பன் மியான் உட்கார்ந்தார்.

"நான் எதுல கூட வாசிக்கட்டும் உஸ்தாத்?" என்று ஜுனைது பாவமாகக் கேட்டான்.

"இவன் வெச்ச ஸா உன் பெட்டியில இல்ல பேட்டா. ரெண்டு கட்டைக்கு நடுவுல எங்கியோ இருக்கு. நீ பக்கத்துல உக்காந்து கேளு. அதுவும் வாசிக்கிற மாதிரிதான்."

பெட்டியை மூடிவிட்டுப் பையன் கேட்டான்.

பாட்டைப் பற்றி எழுத எனக்குத் தெரியாது. ரொம்ப நேரம் கீழே கிடந்தார். அந்தக் குரலில் முன்பு இல்லாத ஒரு சொரசொரப்பு இருந்தது, துவைத்துத் துவைத்துக் காய்ந்த கம்பளி மாதிரி. அதைப் போர்த்திக்கொள்ளலாம் போலிருந்தது. ஏறினார். பாதியில் ஒரு இடத்தில் குரல் லேசாகத் தடுக்கிற்று. அதே நொடியில் சாரங்கி 'கிறீச்' என்று அபஸ்வரமாக இழுத்தது. கூட்டம் முழுக்கப் பப்பன் மியானைப் பார்த்து 'ச்சு' கொட்டியது. "பாவம், விரல்," என்றார் என் பக்கத்தில் ஒருவர். நான் வாயை மூடிக்கொண்டிருந்தேன். கான் சாகிப் மேலே போய்ச் சேர்ந்தார். நின்றார். உடையவில்லை. பூந்தூள் பறக்கிற வெயிலில் கண்ணை மூடிக்கொண்டு அங்கேயே நின்றார். கிச்சடா கிண்டுகிறவன் கரண்டியை நிறுத்திவிட்டான்.

திரும்பும்போது வண்டியில், தோப்பைத் தாண்டினதும் பப்பன் மியான்தான் பேச்சை ஆரம்பித்தார்.

"பாய்சாப், நல்ல நேரத்துல காப்பாத்துனீங்க. அந்த விரல் சாக்கு..."

"சாக்கா?" கான் சாகிப் திரும்பினார். "என்ன சாக்கு? நெஜந்தானே? குளிர் தொடங்கினதுலேர்ந்து நீ நரம்பைத் தளத்திக்கிட்டே வர்ற. விரல் தாங்கல, வாய்விட்டுச் சொல்ல வெக்கப்படுறன்னு நெனச்சேன். கேட்டா உனக்கு மனசு கஷ்டப்படும். அதான் பேசாம உன் கூடவே எறங்கி வந்தேன்."

வண்டி கடகடத்தது. நஸீபன் முகத்திரையைத் தூக்கிவிட்டுப் புருஷனை உற்றுப் பார்த்தாள்.

எனக்குப் பொறுக்கவில்லை. "பொய்!" என்றேன். "உங்களுக்கு எப்படித் தெரியும்? வீட்ல பெட்டிகூட இல்லையே!"

"பெட்டி எதுக்குடா? வாசல்ல உன் தூக்கு இருக்கே. அது 'ஆமா' சொல்றதை நிறுத்தினதை ஒருநாள் நீ கேக்க வந்த, இவ இருமினா. தூக்கு பேசலைன்னு உனக்கே தெரிஞ்சது, எனக்குத் தெரியாதா?"

"அப்ப தொண்டை?" என்று நான் கேட்டேன். யாரும் கேட்காத கேள்வியைக் கேட்பதுதான் என் பிறவி வழக்கம்.

நஸீபன் என் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள்.

கான் சாகிப் தம்பியின் இடது கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். பீருக்குப் படைத்தது போக மிச்சமிருந்த என் வெண்ணெய் ஒரு வாழைமட்டையில் இருந்தது. அதில் கொஞ்சம் எடுத்து அந்த வெடிப்புகளில் ஒவ்வொன்றாகத் தடவினார். பப்பன் மியான் கையை இழுக்கப் பார்த்தார். "பேசாம இரு," என்றார் அண்ணன். "முன்னால உக்காந்திருக்கிறவன் திரும்பிப் பாக்க முடியாதுடா. பின்னால நடக்குறதைக் காதாலதான் பாக்கணும். நான் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன்."

பப்பன் மியான் தோப்பின் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். தாடி நனைந்திருந்தது. வீடு வரைக்கும் கையைத் திரும்ப வாங்கவில்லை.

அவர் தம்பிக்காக இறங்கினாரா, தனக்காகத் தம்பி இறக்கினார் என்று தெரிந்தே அப்படிச் சொன்னாரா, எனக்கு இன்றைக்கும் தெரியாது. மனிதர்களை நம்புகிற பழக்கம் எனக்கு இல்லை. ஆனால் அந்த வண்டியில் அவர்கள் மூன்று பேரும் அதைத் துருவவில்லை என்பதைப் பார்த்தேன்.

மறுநாள் விடியலில் சுற்றை முடித்து அந்த வீட்டுக்குப் போனேன். உள்ளே கம்பி மீட்டுகிற சத்தம் கேட்டது. பிறகு கான் சாகிப் குரல், எந்த ஒளிவும் இல்லாமல், சத்தமாக.

"பப்பன், இன்னும் ஒரு எள்ளு எறக்கு."

"என் விரலுக்கா பாய்சாப், இல்ல..."

"கேள்வி கேக்காம எறக்குடா."

பிருடை கிறுகிறுவென்று திரும்பியது. நஸீபன் சொம்போடு வெளியே வந்து என் கையைப் பார்த்து நின்றாள். பழைய தூக்கு இல்லை. சந்தைக்கு மோர் கொண்டுபோகிற, தட்டினால் பழசைவிடத் தாழ்ந்து ஒலிக்கிற, இரண்டு கையாலும் தூக்கவேண்டிய பெரிய பித்தளைத் தூக்கு.

"ஒரு சொம்புப் பாலுக்கு எதுக்கு இவ்வளவு பெரிய தூக்கு?"

"பழசு ஓட்டையாயிடுச்சு," என்றேன். அவள் நம்பவில்லை. அது எனக்குப் பழக்கம்தான்.

பாலை ஊற்றிவிட்டு, காலித் தூக்கைப் படியில் வைத்து, மூடியைக் கொஞ்சம் தளர்த்திப் போட்டு, பீடியைப் பற்றவைத்தேன். கான் சாகிப் கீழே கிடந்தார். ஏற ஆரம்பித்தார். நான் பீடியை இழுக்கவில்லை. அவர் மேலே போய் நின்றார்.

மூடி பேசவில்லை.

பிறகு எங்கோ அடியிலிருந்து, பெரிய எருமை தூக்கத்தில் மூச்சு விடுகிற மாதிரி, தடித்த குரலில், 'ஙொம்ம்...' என்று ஆரம்பித்தது. படிக்கல் வரைக்கும் அதிர்ந்தது. உள்ளே பாட்டு ஒரு கணம் நின்றது. யாரோ சிரித்தார்கள். அண்ணனா தம்பியா என்று தெரியவில்லை. பாட்டு மறுபடி அதே இடத்துக்கு ஏறிவந்து நின்றது, மூடியை இன்னொரு தரம் கேட்பதற்காக.